சுண்ணாம்புக் கூரையின் மேல் ஒரு சைக்கிள் பயணம்

யுகாட்டான் தீபகற்பத்தின் வடபகுதியில் நாள் முழுக்க சைக்கிள் மிதித்தாலும் ஓர் ஆற்றுப் பாலத்தைக் கடக்க மாட்டீர்கள். மெக்சிகோ வளைகுடாவுக்கும் கரீபியக் கடலுக்கும் நடுவே நீட்டிக்கொண்டிருக்கும் மெக்சிகோவின் தென்கிழக்கு மூலை அது. ஆண்டுக்கு ஆயிரம் மில்லிமீட்டருக்கு மேல் மழை வாங்கும் ஊர்கள் அங்கே நிறைய உண்டு. இருந்தும் ஆறு கிடையாது, ஓடைகூடக் கிடையாது. பெய்த மழையெல்லாம் சைக்கிள் சக்கரத்துக்கு நேர் கீழே, பாறைக்குள் இருக்கிறது. ஆங்காங்கே அந்தப் பாறைக் கூரை இடிந்து விழுந்த இடங்களில் மட்டும் தண்ணீர் வெளிச்சத்துக்கு வருகிறது. அந்தக் குழிகள்தான் செனோட்டேக்கள். தீபகற்பம் முழுவதும் ஆயிரக்கணக்கில் இருக்கின்றன. அவற்றில் நீந்துவதற்காகவே உலகெங்கும் இருந்து மக்கள் போகிறார்கள்.

ஒரே நாளில் செனோட்டேக்களைப் பார்த்து, நீந்தி, அவற்றின் அறிவியலையும் புரிந்துகொள்ள வேண்டுமென்றால் வயாதோலிட் நகரிலிருந்து கிளம்பும் சைக்கிள் சுற்றுலாதான் என் தேர்வு. வழிகாட்டிகள் காலையிலேயே கிளப்பிவிடுகிறார்கள். பத்து மணிக்கு மேல் வெயில் சுடும். நகரின் நடுவிலேயே சாசி என்ற பெரிய செனோட்டே இருக்கிறது. வீடுகளும் கடைகளும் சூழ்ந்த இடத்தில் தரை திடீரென்று வாய் பிளந்து, பாதி மூடிய குகையாக இறங்குகிறது. அங்கிருந்து சிட்னுப் கிராமத்துக்கு ஏறத்தாழ 7 கிலோமீட்டர். சைக்கிளுக்கென்றே தனிப் பாதை உண்டு. மேடு பள்ளம் கிடையாது, சிறுவர்களும் மிதித்துவிடலாம்.

மிதிக்கும்போது பாதையோரத்தைக் கவனிக்க வேண்டும். மண் விரற்கடை அளவுதான். அதன் கீழிருந்து வெள்ளைப் பாறை எட்டிப் பார்க்கிறது. மரங்கள் குட்டையானவை. இந்த நிலம் முழுவதும் ஒரு காலத்தில் ஆழமில்லாத வெப்பக் கடலின் தரை. சிப்பிகளும் பவளங்களும் நுண்ணுயிர்களும் விட்டுச்சென்ற சுண்ணாம்பு அடுக்கடுக்காகப் படிந்து பாறையானது. மழைநீர் காற்றிலிருந்தும், அதைவிட அதிகமாக மண்ணிலிருந்தும் கார்பன் டை ஆக்சைடை வாங்கிக்கொண்டு மென்மையான கார்பானிக் அமிலமாகிறது. சுண்ணாம்புக்கல்லைக் கரைக்க அதுவே போதும். லட்சக்கணக்கான ஆண்டுகள் கரைந்து கரைந்து, ஆப்பத்தைப் பிட்டுப் பார்த்தால் தெரிவதுபோல உள்ளெல்லாம் துளையாகிவிட்டது பாறை. சிறு துளைகள் சேர்ந்து குழாய்களாயின, குழாய்கள் குகைகளாயின.

கரைவதில் இன்னொரு ரகசியமும் உண்டு. இந்தத் தீபகற்பத்தின் அடியில் நன்னீர் தனியாக இல்லை. மூன்று பக்கமும் கடல் என்பதால் உப்புநீர் பாறைக்குள் வெகுதூரம் ஊடுருவியிருக்கிறது. அடர்த்தி குறைந்த நன்னீர் அதன்மேல் மிதக்கிறது. இரண்டும் சந்திக்கும் எல்லையில் ஒரு விந்தை நடக்கிறது. நன்னீர், உப்புநீர் இரண்டுமே தனித்தனியே இனிச் சுண்ணாம்பைக் கரைக்க முடியாத அளவுக்கு நிறைவடைந்திருக்கலாம். ஆனால் அவை கலந்தால் கிடைக்கும் கலவைக்கு மறுபடியும் பசி எடுக்கிறது. அது பாறையைத் தின்கிறது. கரீபியக் கரையை ஒட்டிய மாபெரும் குகைகள் பலவற்றைக் குடைந்ததில் இந்தக் கலப்பு எல்லைக்குப் பெரும் பங்கு உண்டு. துலூம் நகரப் பக்கத்துச் செனோட்டேக்களில் பத்து இருபது மீட்டர் ஆழத்திலேயே முக்குளிப்போர் இந்த எல்லையைக் கண்ணால் பார்க்கிறார்கள். இரண்டு நீரும் கலங்கும் இடத்தில் ஒளி வளைந்து காட்சி மங்கிப்போகிறது. ஓரடி கீழே இறங்கியதும் மறுபடி பளிங்குபோலத் தெளிகிறது.

சிட்னுப்பில் சாலையின் இரு பக்கமும் இரண்டு செனோட்டேக்கள்: ஷ்கேக்கென், சமுலா. ஷ்கேக்கெனுக்குப் பாறையில் வெட்டிய குறுகலான படிகளில் குனிந்து இறங்க வேண்டும். பிறகு சட்டென்று ஒரு பெருங்கூடம் விரிகிறது. கூரையில் ஒரே ஒரு துளை. உச்சிவேளையில் அதன் வழியே வெயில் ஒரு தூணாக நீருக்குள் இறங்கி நீலத்தைக் கொளுத்திவிடுகிறது. நீரின் வெப்பநிலை கிட்டத்தட்ட 25 டிகிரி செல்சியஸ். வெயிலில் மிதித்து வந்த உடம்புக்குச் சிலீரென்று இருக்கும். சமுலாவில் மேலேயுள்ள மரத்தின் வேர்கள் கூரைத் துளை வழியே பல மீட்டர் இறங்கித் தண்ணீரைத் தேடுகின்றன. மண் இல்லாத ஊரில் மரம் வாழும் வழி அது.

கண்ணாடி அணிந்து முகத்தை நீருக்குள் வைத்துப் பார்ப்பவர்கள் ஒன்றைக் கவனிப்பார்கள். கூரையிலிருந்து தொங்கும் சுண்ணாம்பு விழுதுகள் பல செனோட்டேக்களில் நீர்மட்டத்தோடு நிற்பதில்லை. நீருக்கு அடியிலும் தொங்குகின்றன. இந்தப் பயணம் தரும் அறிவில் ஆக மதிப்புள்ளது இதுதான் என்பேன். சொட்டுச் சொட்டாக வடியும் நீர் காற்றில் கார்பன் டை ஆக்சைடை இழக்கும்போதுதான் சுண்ணாம்பு படிந்து அந்த விழுது வளரும். நீருக்குள் சொட்ட முடியாது. ஆகவே அந்த விழுது வளர்ந்த காலத்தில் குகை வறண்டிருந்தது. ஏறத்தாழ 20,000 ஆண்டுகளுக்கு முன், கடைசிப் பனியுகம் உச்சத்தில் இருந்தபோது, உலகின் நீரில் ஒரு பகுதி வடக்குக் கண்டங்களின் மேல் பனியாக உறைந்து கிடந்தது. கடல் மட்டம் இன்றைவிட ஏறக்குறைய 120 மீட்டர் தாழ்ந்திருந்தது. கடலோடு சேர்ந்து நிலத்தடி நீரும் இறங்கியது. வெறுமையான குகைகளில் விழுதுகள் வளர்ந்தன. அதுவரை நீர் தாங்கிக்கொண்டிருந்த கூரைகள் தாங்கலை இழந்து பல இடங்களில் இடிந்து விழுந்தன. பனி உருகியதும் கடல் உயர்ந்தது. நீர் திரும்பி வந்து குகைகளை நிரப்பியது. இன்று நாம் நீந்துவது அந்த நீரில்.

வறண்ட குகைக்குள் மனிதர்களும் போயிருக்கிறார்கள். துலூமுக்கு வடக்கே ஓயோ நெக்ரோ என்ற ஆழ்குழியை 2007இல் முக்குளிப்போர் கண்டுபிடித்தார்கள். குழியின் அடியில் பதினைந்து பதினாறு வயதுப் பெண் ஒருத்தியின் எலும்புக்கூடு கிடந்தது. அருகே இப்போது அழிந்துவிட்ட ராட்சதத் தரை ஸ்லாத்களின், வாள்பல் பூனைகளின் எலும்புகள். 12,000 முதல் 13,000 ஆண்டுகளுக்கு முன் வாழ்ந்தவள் அவள். ஆய்வாளர்கள் நையா என்று பெயரிட்டார்கள். இருட்டில் தண்ணீர் தேடிப் போய் விழுந்திருக்கலாம் என்கிறார்கள். 2014இல் வெளியான அவளது டி.என்.ஏ. ஆய்வு, இன்றைய அமெரிக்கப் பூர்வகுடிகளின் தாய்வழி மரபோடு அவளை இணைத்தது. அந்தக் குழி இருக்கும் சாக் அக்தூன் குகைத்தொடர், பக்கத்துக் குகைத்தொடரோடு இணைவது 2018இல் உறுதியானபோது, அளந்த நீளம் ஏறத்தாழ 347 கிலோமீட்டராக உயர்ந்தது. அத்தனையும் நீருக்கு அடியில்.

வழிகாட்டிகள் பலர் எல்லாச் செனோட்டேக்களையும் டைனோசர்களை அழித்த விண்கல்லோடு முடிச்சுப் போட்டுவிடுகிறார்கள். இதைச் சற்றுப் பிரித்துச் சொல்ல வேண்டும். 6.6 கோடி ஆண்டுகளுக்கு முன் பத்துக் கிலோமீட்டருக்கும் பெரிய விண்கல் ஒன்று இங்கே மோதி, சுமார் 180 கிலோமீட்டர் அகலப் பள்ளத்தைத் தோண்டியது உண்மை. 1978இல் மெக்சிகோவின் அரசு எண்ணெய் நிறுவனத்துக்காகக் காந்தப்புல அளவீடுகளைப் பார்த்த கிளென் பென்ஃபீல்டு அதன் வளைவைக் கண்டார். அவரும் அந்தோனியோ கமார்கோவும் 1981இல் ஒரு மாநாட்டில் அதை அறிவித்தும் உலகம் கவனிக்கவில்லை. ஆலன் ஹில்டிபிராண்டும் உடன் ஆய்வாளர்களும் 1991இல் சிக்சுலூப் பள்ளம் பற்றிய கட்டுரையை வெளியிட்ட பிறகே அது பெரிதாகப் பேசப்பட்டது. பள்ளம் இன்று நூற்றுக்கணக்கான மீட்டர் சுண்ணாம்புக்கல்லுக்கு அடியில் புதைந்து கிடக்கிறது, பாதி கடலுக்குள். தரையில் அதன் விளிம்பைக் காட்டிக்கொடுப்பவை மெரிதா நகரைச் சுற்றி அரைவட்டமாக வரிசைகட்டி நிற்கும் செனோட்டேக்கள். புதைந்த விளிம்பின் மேலுள்ள பாறை விரிசல் விட, அந்த விரிசல் வழியே நிலத்தடி நீர் கடலை நோக்கிப் பாய்ந்து கூடுதலாகக் கரைத்தது. ஓமுன், குசமா ஊர்களின் செனோட்டேக்கள் அந்த வளையத்தைச் சேர்ந்தவை. வயாதோலிட் வளையத்துக்கு வெளியே, வெகு கிழக்கே இருக்கிறது. ஷ்கேக்கென் உருவாக விண்கல் தேவைப்படவில்லை. மழையும் சுண்ணாம்பும் காலமும் போதுமானவையாக இருந்தன.

நீரில் இறங்குவதற்கு முன் எல்லோரும் குளித்துவிட்டு வர வேண்டும் என்பது ஏறத்தாழ எல்லாச் செனோட்டேக்களிலும் விதி. சன்ஸ்கிரீன், கொசு விரட்டி, உடலில் பூசிய எண்ணெய் எதுவும் கூடாது. சிலர் இதைச் சடங்காக நினைத்து மேலோட்டமாக நனைந்துகொண்டு வருகிறார்கள். அது தவறு. மாயா மக்கள் ஊர் அமைத்ததும் கோயில் கட்டியதும் இந்த நீரை நம்பித்தான். சிச்சென் இட்ஸாவின் புனிதச் செனோட்டேயில் மழைக்கடவுளுக்குப் பச்சைக்கல்லும் பொன்னும் மனிதர்களும் காணிக்கையாகப் போடப்பட்டார்கள். அங்கே இன்று நீந்த அனுமதி இல்லை. இப்போதும் தீபகற்பத்தின் நகரங்களும் கிராமங்களும் குடிப்பது இதே நிலத்தடி நீரை. செனோட்டேயில் இறங்குகிறவர் ஓர் ஊரின் குடிநீருக்குள் இறங்குகிறார். மண் வடிகட்டி இல்லாத நாட்டில் மேலே ஊற்றியது விரைவில் கீழே சேரும். சேர்ந்தது குழாய் வழியே வெகுதூரம் ஓடும். கரீபியக் கரையோரக் குகை நீரில் மருந்துகள், பூச்சிக்கொல்லி, அழகுசாதனப் பொருள்களின் எச்சங்கள் இருப்பதை 2011இல் வெளியான ஓர் ஆய்வு பதிவு செய்தது. அந்த நீர் கடைசியில் கடலோரப் பவளப்பாறைகளுக்குப் போய்ச் சேர்கிறது.

குகைகளின் இருட்டுப் பகுதிகளில் கண்ணே இல்லாத மீன்களும் வெளிறிய இறால்களும் வாழ்கின்றன. சூரியன் எட்டாத அங்கே அவற்றுக்கு உணவு எங்கிருந்து? மேலே காட்டு மண்ணில் இலைகள் மட்கும்போது உருவாகும் மீத்தேன் நீரோடு குகைக்குள் இறங்குகிறது. அதைத் தின்று பாக்டீரியாக்கள் பெருகுகின்றன. பாக்டீரியாக்களை இறால்கள் தின்கின்றன. 2017இல் வெளியான ஆய்வு இந்தச் சங்கிலியைக் காட்டியது. மேலே உள்ள காட்டை வெட்டினால் கீழே உள்ள குருட்டு மீனின் சோறும் போய்விடும்.

யாழ்ப்பாணத்துக்காரர்களுக்கு இதெல்லாம் புதிதாக இருக்காது. குடாநாட்டின் அடியிலும் சுண்ணாம்புக்கல்தான். அங்கும் ஆண்டு முழுக்க ஓடும் ஆறு இல்லை. புத்தூரின் நிலாவரை, கூரை இடிந்து நீர் வெளிப்பட்ட இதே வகைக் குழி. மேலே நன்னீர், ஆழத்தில் உப்புநீர். கடல் மட்டத்துக்கு மேல் ஒரு மீட்டர் நன்னீர் நின்றால், கீழே சுமார் நாற்பது மீட்டர் நன்னீர் அதற்கு ஈடாக இருக்கும் என்பது நிலத்தடி நீரியலின் பழைய கணக்கு. இதைத் திருப்பிப் படித்தால் பயமாக இருக்கும்: ஒரு மீட்டர் இறைத்துக் குறைத்தால் உப்பு நாற்பது மீட்டர் வரை மேலேறப் பார்க்கும். தோட்டத்து உரம் கிணற்றில் நைட்ரேட்டாக வருவதும், சுன்னாகத்தில் கழிவெண்ணெய் கிணறுகளில் மிதந்ததும் யுகாட்டானில் நடப்பதன் இன்னொரு பக்கம்.

யுகாட்டானில் சண்டையும் நடக்கிறது. ஓமுனில் 49,000 பன்றிகளுக்கான பண்ணை ஒன்று வந்தபோது, கழிவு செனோட்டேக்களில் இறங்கும் என்று ஊர் எதிர்த்தது. 2017இல் ஊர்மக்களே கருத்துக் கேட்பு நடத்தி வேண்டாமென்றார்கள். சிறுவர்களின் பெயரில் வழக்குப் போட்டார்கள். 2018இல் நீதிமன்றம் பண்ணையின் இயக்கத்தை நிறுத்திவைத்தது. 2021இல் மெக்சிகோவின் உச்ச நீதிமன்றம் அதை உறுதிசெய்தது. அதற்குப் பிந்தைய ஆண்டுகளில் மறுபக்கம், மாயா ரயில் பாதையின் கரீபியக் கரைப் பகுதிக்காகக் குகைக் கூரைகளைத் துளைத்து எஃகுத் தூண்கள் இறக்கப்பட்டன. அந்தக் குகைகளில் முக்குளிப்போரும் ஆய்வாளர்களும் எடுத்த படங்கள் பார்க்கச் சகிக்காதவை.

ஆகவே போகிறவர்கள், செனோட்டேயை நடத்துவது யார் என்று விசாரித்துவிட்டுப் போவது நல்லது. வயாதோலிட்டுக்கு வடக்கே ஏக் பலாம் இடிபாடுகளுக்கு அருகே இருக்கும் ஷ்கான்சே செனோட்டேயை உள்ளூர் மாயா மக்களே கூட்டாக நடத்துகிறார்கள். காட்டு வழியில் இரண்டு கிலோமீட்டருக்கும் குறைவான மண்பாதை. நுழைவாயிலில் சைக்கிள் வாடகைக்குக் கிடைக்கும்.