ஆவணமும் வழக்கும்

தொண்டை நாட்டுத் தலங்களுள் ஒன்றாகிய திருமுல்லைவாயிலில் கோயில் கொண்டுள்ள மாசிலாமணி ஈசரைப் பதிகம் பாடிப் பரவியவர் சுந்தரமூர்த்தி நாயனார். அவருடைய வரலாற்றைப் பெரியபுராணத்துள் விரித்துரைத்த சேக்கிழார், அவ்வூருக்குத் தெற்கேயுள்ள குன்றத்தூரிற் பிறந்தவர், கி.பி. 12-ஆம் நூற்றாண்டினர். அவர் காட்டும் வழக்கொன்று, நீதி வழங்குமிடத்தில் ஆவணம் பெறும் மதிப்பினைத் தெளிவாக விளக்குகின்றது.

சுந்தரரின் திருமண நாளன்று முதியவர் ஒருவர் வந்து, அவர் தமக்கு அடிமை என்றும், அதற்கு அவருடைய பாட்டனார் எழுதித் தந்த ஓலை உண்டு என்றும் கூறினார். சினங்கொண்ட சுந்தரர் அவ்வோலையைப் பறித்துக் கிழித்தெறிந்தார். வழக்குத் திருவெண்ணெய்நல்லூர் அவையை அடைந்தது. அவையோர் முதியவரின் சொல்லை மட்டும் நம்பினாரல்லர். ஆட்சி, ஆவணம், அயலார் சாட்சி என்னும் மூன்றனுள் ஒன்றால் மெய்ப்பிக்குமாறு பணித்தனர். நெடுங்காலம் வழங்கி வரும் அனுபவமே ஆட்சி எனப்படும். முதியவரோ, கிழிந்தது படியோலையே எனக் கூறி, மூலவோலையை அவையில் நீட்டினார். கரணத்தான் அதனைப் படித்தான். சாட்சியாளர் கையெழுத்துகள் ஆராயப்பட்டன. பாட்டனார் எழுதிய வேறோர் ஓலையைக் காப்பிடத்தினின்றும் வருவித்து, இரண்டையும் ஒப்புநோக்கிய பின்னரே அவையோர் தீர்ப்பளித்தனர்.

இந்நாளைய நீதிமன்ற நெறியும் இதனோடு பெரிதும் ஒத்துள்ளது. திருமுல்லைவாயிலில் ஒருவர் தாம் வாங்கிய மனையைப் பிறர் கவர்ந்துகொண்டார் என வழக்குத் தொடுப்பதாகக் கொள்வோம். 1908-ஆம் ஆண்டின் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின்படி, அவர் தம் ஆவணங்களைப் பட்டியலிட்டு வழக்குரையுடனேயே சேர்த்தல் வேண்டும். எதிர்வாதியும் தம் எதிருரையுடன் அவ்வாறே செய்தல் வேண்டும். காலங்கடந்து தருவதற்கு நீதிமன்றத்தின் இசைவு தேவை. ரூ.100-உம் அதற்கு மேலும் பெறுமானமுள்ள நிலத்தின் விற்பனைப் பத்திரம் பதிவு பெற்றிருத்தல் வேண்டும். முத்திரைத் தீர்வையும் குறைவின்றிச் செலுத்தப்பட்டிருத்தல் வேண்டும்.

சான்று பற்றிய விதிகளை 1872-ஆம் ஆண்டின் சட்டம் வகுத்திருந்தது. 2024 ஜூலை 1 முதல் பாரதிய சாட்சிய அதினியம் அதனிடத்தைப் பெற்றுள்ளது. மூல ஆவணமே முதன்மைச் சான்று என்பதில் இரண்டும் ஒன்றுபட்டனவே. மூலம் தொலைந்தோ அழிந்தோ போயினும், எதிரியின் கையிலிருந்து அவர் அறிவிப்புப் பெற்றும் கொணராவிடினும் படி ஏற்கப்படும். ஆவணத்தைத் தாக்கல் செய்தல் மட்டும் போதாது. எழுதியவரோ, சாட்சிக் கையொப்பமிட்டவரோ, அக்கையெழுத்தை அறிந்தவரோ உரைத்து அதனை மெய்ப்பித்தல் வேண்டும். நீதிபதி தாமே கையெழுத்துகளை ஒப்பிட்டு நோக்கவும் செய்யலாம். 30 ஆண்டு கடந்த ஆவணம் உரிய காப்பிலிருந்து வருமாயின், அதன் கையொப்பத்தை உண்மையென நீதிமன்றம் கொள்ளலாம்.

முதியவர் திருமணப் பந்தரில் காட்டியது மூலவோலையாக இருந்திருப்பின், அது கிழிந்தபோதே அவருடைய வழக்கின் வலிமை பெரிதும் குறைந்திருக்கும். மூலத்தைப் பேணிக் காத்து, காட்ட வேண்டிய அவையில் காட்டியதே அவருக்கு வெற்றி தந்தது. உண்மை ஒருவர்பால் இருப்பினும், அதனை நிறுவும் சான்று இல்லையெனில் அவர் தம் வீட்டையும் நிலத்தையும் இழக்க நேரும். ஆதலின், பத்திரத்தை நன்கு படித்துணர்ந்து கையொப்பமிடுதலும், மூலத்தைக் கருத்தோடு காத்தலும், உரிய காலத்தில் மன்றின்முன் வைத்தலும் குடிமக்கள் யாவரும் கற்றுக்கொள்ள வேண்டிய கடமைகளாகும்.