5 மகள்கள், ஒரு 'எம்டன்', 23 நிமிட லைவ்... 'மெட்டி ஒலி' திருமுருகன் காட்டிய அப்பாக்கள்!

சீரியல் பார்ப்பவர்களுக்குக் கதாபாத்திரத்தின் பெயர் தெரியும், நடிகையின் பெயர் தெரியும். இயக்குநர் பெயர்? அந்த டைட்டில் கார்டு ஓடும்போது பாதிப் பேர் அடுப்படியில் இருப்பார்கள். திருமுருகன் இதற்கு விதிவிலக்கு. 'கோபி'யாக அவரே நடித்ததும் ஒரு காரணம்தான். ஆனால், அது மட்டுமில்லை.

2002-ல் சன் டி.வி-யில் தொடங்கிய 'மெட்டி ஒலி' 2005 வரை 811 எபிசோடுகள் ஓடியது. கதை சின்னதுதான். சிதம்பரம் (டெல்லி குமார்) என்ற அப்பா, தன் ஐந்து மகள்களைக் கரைசேர்க்கப் படும் பாடு. தனம், சரோ, லீலா, விஜி, பவானி என்று ஐந்து பெயரையும் இன்றைக்கும் வரிசையாகச் சொல்லும் அத்தைகள் எல்லாத் தெருவிலும் உண்டு. நம் சினிமாவில் கல்யாணத்தோடு 'சுபம்' போடுவார்கள். திருமுருகனோ அதற்குப் பிறகுதான் கதையையே ஆரம்பித்தார். சரோவின் கணவன் மாணிக்கமாக சேத்தன், மாமியார் ராஜமாக சாந்தி வில்லியம்ஸ். வெங்கட் என்ற நடிகருக்கு 'போஸ்' என்ற அடைமொழியைக் கொடுத்ததும் இந்தத் தொடர்தான்.

2020 ஊரடங்கில் மறுஒளிபரப்பானபோது, திருவேற்காட்டில் எங்கள் வீட்டில் அம்மாவோடு உட்கார்ந்து பார்த்தேன். சிதம்பரம் சம்பந்தி வீட்டுக்குப் போகிற காட்சி ஒன்றில் அம்மா சொன்னார்: "உங்க தாத்தாவும் இப்படித்தான்டா. நம்ம வீட்டுல ஒரு வாய் தண்ணி குடிக்கக்கூட யோசிப்பாரு." தாத்தாவைப் பற்றி அம்மா அதற்குமுன் இப்படிப் பேசி நான் கேட்டதில்லை.

அடுத்து சினிமா. 2006-ல் 'எம் மகன்'. முதலில் வைத்த பெயர் 'எம்டன் மகன்'. தமிழ்ப் பெயருக்கு வரிவிலக்கு என்று அரசு அறிவித்த நேரம், 'டன்' போய்விட்டது. 1914-ல் சென்னை மீது குண்டு வீசிய ஜெர்மன் கப்பல்தான் எம்டன். கில்லாடியான, கறாரான ஆளை 'சரியான எம்டன்' என்று நம் தாத்தாக்கள் சொன்னது அதை வைத்துத்தான். படத்தில் அந்த எம்டன், மளிகைக்கடைக்கார அப்பா நாசர். சம்பந்திகள் முன்னால் வாய் திறக்கத் தயங்கிய சிதம்பரத்துக்கு நேர் எதிர் ஆள் இவர். வீட்டில் யாரையும் வாய் திறக்க விடமாட்டார். மகனாக பரத், அம்மாவாக சரண்யா, மாமாவாக வடிவேலு. வடிவேலு காமெடிக்காக மட்டும் வந்து போகாமல், அந்தக் குடும்பத்தில் ஒருவராகவே இருப்பார்.

2008-ல் மறுபடியும் பரத்தை வைத்து எடுத்த 'முனியாண்டி விலங்கியல் மூன்றாமாண்டு' அந்த அளவுக்குப் பேசப்படவில்லை. திருமுருகன் சின்னத்திரைக்கே திரும்பினார். இதில் நஷ்டம் சினிமாவுக்குத்தான் என்பேன்.

2010-ல் வந்த 'நாதஸ்வரம்' காரைக்குடியில் நடக்கும் கதை. அப்பா சொக்கலிங்கமாக மௌலி. அதன் 1,000-வது எபிசோடு 2014 மார்ச் 5 அன்று நேரலையாக, ஒரே ஷாட்டில் 23 நிமிடங்களுக்கு மேல் ஓடி கின்னஸில் இடம்பிடித்தது. சீரியல் என்றால் நாள்கணக்கில் முன்கூட்டியே எடுத்து, எடிட் செய்து, டப்பிங் பேசித்தான் ஒளிபரப்புவார்கள். அன்றைக்கு அது எதுவுமே கிடையாது. ஒருவர் வசனம் மறந்தால் வீடு வீடாகத் தெரிந்துவிடும். மேடை நாடகத்தின் பதற்றத்தை அப்படியே சீரியலுக்குள் கொண்டுவந்தார்கள்.

எல்லாமே பாராட்டாக முடிந்துவிடவில்லை. 2018-ல் தொடங்கிய 'கல்யாண வீடு' தொடரில், அக்கா தங்கை பகையில் கூட்டுப் பாலியல் வன்கொடுமையைச் சேர்த்த எபிசோடுகளுக்குப் புகார் கிளம்பியது. ஒளிபரப்பு உள்ளடக்கப் புகார்கள் கவுன்சில் 2019-ல் சேனலுக்கு 2.5 லட்சம் ரூபாய் அபராதம் விதித்து, மன்னிப்பும் ஒளிபரப்பச் சொன்னது. ஐந்து பெண்களின் வலியை அவ்வளவு பொறுமையாகக் காட்டியவரின் தொடரிலா இப்படி என்றுதான் 'மெட்டி ஒலி' ரசிகர்களுக்குத் தோன்றியிருக்கும். எனக்கும் தோன்றியது.

2021 அக்டோபரில் நடிகை உமா மகேஸ்வரி 40 வயதில் காலமானார். தொடர் முடிந்து 16 வருடங்கள் ஆகியிருந்தன. செய்தி வந்ததும் அம்மா போன் செய்தார். நடிகையின் பெயர் அவருக்கு வாயில் வரவில்லை. "நம்ம விஜி போயிட்டாளாமே?" என்றுதான் கேட்டார்.