ஒரு ராஜ்யம், இரண்டு கடிகாரங்கள்

அமெரிக்காவின் டெக்சாஸ் ராஜ்யத்தில் 254 ஜில்லாக்கள் உள்ளன. அவற்றுள் 252 ஜில்லாக்களில் மணி பத்து அடிக்கும்போது, மேற்குக் கோடியிலுள்ள இரண்டில் மட்டும் ஒன்பதுதான் ஆகிறது. அவ்விரண்டில் ஒன்றின் தலைநகரம் எல் பாஸோ. டெக்சாஸ் சர்வகலாசாலைத் தொகுதியைச் சேர்ந்த ஒரு கலாசாலை அங்கே இருக்கிறது. 1914-ல் சுரங்கக் கல்விக்கெனத் தொடங்கிய அது தீவிபத்துக்குள்ளான பின், 1917-ல் வேறிடத்தில் புதிதாய் எழுந்தது. ஒரு சஞ்சிகையில் வந்த பூடான் படங்களைக் கண்டு, சரிந்த சுவரும் அகன்ற கூரையுமாக அக்கட்டடங்களை அமைத்தார்களாம்! பாலைவனத்தில் ஒரு பூடான்.

தலைமை நிர்வாகமோ ஏறத்தாழ 900 கிலோமீட்டருக்கு அப்பால் ஆஸ்டினில் உள்ளது. அங்கே 1883 செப்டம்பரில் சர்வகலாசாலை திறக்கப்பட்டது. அதே ஆண்டு நவம்பரில் அமெரிக்க ரயில் கம்பெனிகள் நாட்டை நேர மண்டலங்களாகப் பிரித்தன. ரயில்வே குமாஸ்தாவாகிய எனக்கு இதில் ஒரு பெருமை உண்டு. நம் நாட்டு ரயில்களும் ஒரு காலத்தில் சென்னை நேரப்படியே ஓடின. 1906-ல் இந்தியப் பொது நேரம் வந்த பிறகும் பம்பாயில் 1955 வரை உள்ளூர் நேரம் வழங்கியது.

இரு ஊர்க் காரியாலயங்களும் காலை எட்டு முதல் மாலை ஐந்து வரை நடப்பதாகக் கொள்வோம். இரண்டும் சேர்ந்து திறந்திருப்பது எட்டு மணி நேரமே. பகலுணவு வேளைகளும் வெவ்வேறாதலால், இரு புறமும் ஆள் இருப்பது ஆறு மணி நேரந்தான். "ஐந்து மணிக்குள் விண்ணப்பிக்கவும்" என்று மட்டும் அறிவித்தால், எந்த ஊர் ஐந்து என்று மாணவன் திகைக்க மாட்டானா?

அப்படியானால் எல் பாஸோவை ஆஸ்டின் நேரத்துக்கு மாற்றிவிடலாமே எனத் தோன்றும். எனக்கு அது சம்மதமில்லை. மாற்றினால் மார்கழிப் பனிக்காலத்தில் அங்கே எட்டு மணிக்குத்தான் பொழுது விடியும். மேலும் அவ்வூராரின் அன்றாட வாழ்வு ஆஸ்டினோடு பிணைந்ததன்று. ஆற்றுக்கு அக்கரையிலுள்ள மெக்ஸிகோ நகரமாகிய ஹுவாரெஸோடு பிணைந்தது. அங்கிருந்து பாலத்தைக் கடந்து வந்து படிப்போரும் உழைப்போரும் பலர்.

2022-ல் மெக்ஸிகோ தன் நேரச் சட்டத்தை மாற்றியது. அதனால் அவ்வாண்டு நவம்பர் 6 முதல் ஹுவாரெஸ் கடிகாரம் எல் பாஸோவைவிட ஒரு மணி முந்தி நின்றது. அக்கரையில் பிள்ளையைப் பள்ளியில் விட்டு இக்கரையில் வேலைக்கு வரும் தாய்க்கு, ஒரே வீட்டில் இரண்டு நேரம்! சட்டத்தை மீண்டும் திருத்தினார்கள். நவம்பர் 30 அன்று ஹுவாரெஸ் தன் கடிகாரத்தை ஒரு மணி பின்னுக்குத் தள்ளி, எல் பாஸோவுடன் சேர்ந்துகொண்டது.