கோர்வைக்கு இரண்டாவது ஆள்

காஞ்சிபுரம் பட்டுச் சேலையை நெசவாளர் நெய்கிறார் என்பது பாதிக் கதைதான். தறிக்கு ஏறுமுன் அந்தப் பட்டு பல வீடுகளில் கை மாறியிருக்கும்.

கச்சாப் பட்டு பெரும்பாலும் கர்நாடகத்திலிருந்து வருகிறது. ஒருவர் முறுக்கேற்றுவார், இன்னொருவர் கொதிநீரில் அவித்துப் பசையை நீக்கிச் சாயம் போடுவார். பிறகு பாவு, அதாவது நீளவாட்டு இழைகளின் வேலை. வெயில் ஏறுமுன் தெருவில் நீளமாக இழுத்துக் கட்டி, கஞ்சி தடவி, அறுந்த இழைகளை முடிவார்கள். மழை பிடித்தால் அன்றைக்கு வேலை இல்லை.

இப்படி வேலையைப் பிரித்துச் செய்வது அப்படியொன்றும் புதிதல்ல. 1913இல் ஹென்றி ஃபோர்டு வேறொன்றைச் செய்தார்: ஆளை ஓரிடத்தில் நிறுத்தி, காரை நகர வைத்தார். சுமார் பன்னிரண்டரை மணி நேரம் பிடித்த சேசிஸ் வேலை, விரைவிலேயே ஒன்றரை மணி நேரத்துக்கு இறங்கியது. வேகத்தை அதன்பின் தொழிலாளி தீர்மானிக்கவில்லை. ஓடும் வரிசை தீர்மானித்தது.

தறிக்குள்ளும் இயந்திரம் நுழைந்தது, கொஞ்சம் கொஞ்சமாக. முன்பு பூவேலைக்கு ‘அடை’ கட்டி, உதவியாளர் இழைகளைத் தூக்கிக் கொடுப்பார். 1804இல் பிரான்சின் ஜக்கார்டு, துளையிட்ட அட்டைகளிடம் அந்த வேலையை ஒப்படைத்தார். துளை இருந்தால் இழை எழும், இல்லையென்றால் எழாது. இன்று டிசைன் கம்ப்யூட்டரில் உருவாகிறது.

உடலோடு கரையைக் கோத்து நெய்யும் கோர்வை மட்டும் எளிதில் மசியவில்லை. உடல் ஒரு நிறம், கரை வேறு நிறம். ஊடை எனும் குறுக்கு இழையைக் கொண்டுபோகும் மூன்று நாடாக்கள் ஓடும். ஒவ்வொரு வரியிலும் உடலின் ஊடையும் கரையின் ஊடையும் சேருமிடத்தில் கோத்துக்கொள்ளும். சாதாரண விசைத்தறி ஒரே ஊடையை முழு அகலத்துக்கும் வீசுவதால் கரையின் நிறம் கலந்துவிடும். கைத்தறிக் கோர்வைக்கோ நெசவாளரோடு இன்னொருவரும் உட்கார வேண்டும்.

இப்போது குறைவது அந்த இன்னொருவர்தான். பட்டுச் சேலை உள்ளிட்ட சில ரகங்களைக் கைத்தறிக்கு ஒதுக்கும் 1985ஆம் ஆண்டுச் சட்டம் விசைத்தறியைத் தடுக்கலாம்; உத்திரமேரூர்ப் பக்கத்துக் கிராமங்களில் வந்து நிற்கும் கம்பெனி பஸ்ஸைத் தடுக்காது. அந்த பஸ் போகும் ஒரகடத்துக் கார் தொழிற்சாலையில் மாதச் சம்பளம். தறியிலோ சேலை முடிந்தால்தான் கூலி. துணைக்கு ஆள் கிடைக்காத நெசவாளர், கோர்வையை விட்டு ஒரே நாடாவில் ஓடும் சேலைக்கு மாறுகிறார். கோர்வையைக் குறைப்பது விசைத்தறி மட்டுமல்ல, கார் தொழிற்சாலையும்தான்.

அடுத்த முறை பட்டெடுக்கப் போனால், கரை சேருமிடத்தை உட்புறம் திருப்பிப் பாருங்கள். கோர்வையா என்று கேளுங்கள். கோர்வைதான் என்றால், விலை பேசும்போது இரண்டு பேருடைய கூலி அதில் இருப்பதை நினைவில் வையுங்கள்.