மின்கட்டணச் சலுகைக்கு மனுச் செய்யும் அங்கத்தினர்களுக்கு

இரண்டு மாதங்களுக்கு ஒரு முறை மின்கணக்கு எடுக்க ஆள் வந்து போன அன்று நம் தெருக்களில் பேச்சு வேறாக இராது. யார் வீட்டில் எத்தனை யூனிட், எவ்வளவு ரூபாய் என்பதே விசாரணை. நெசவாளியின் வீட்டில் மின்சாரம் வெறும் சௌகரியம் அன்று. குழித்தறியில் இறங்கி அமர்ந்தவனுக்கு மாரிக்காலத்தில் நண்பகலிலும் விளக்கு வேண்டும். அறுந்த இழையை இருட்டில் பிணைக்க முடியாது. இப்போது தார் சுற்றவும், ஜக்கார்டுப் பெட்டியைத் தூக்கவும் சிறு மோட்டார்கள் வந்திருக்கின்றன. முழங்கால் நோவு குறைந்திருக்கிறது, மின்கணக்கு ஏறியிருக்கிறது.

இதனை உணர்ந்தே அரசாங்கம் 2006ஆம் ஆண்டில் கைத்தறி நெசவாளர் வீடுகளுக்கு இரண்டு மாதங்களுக்கு 100 யூனிட்டும், விசைத்தறிக்கு 500 யூனிட்டும் இலவசமாக அளிக்கத் தொடங்கியது. 2016 மே மாதத்தில் எல்லா வீடுகளுக்கும் முதல் 100 யூனிட் இலவசம் என்று ஆயிற்று. அவ்வாண்டிலேயே கைத்தறிக்கு 200 என்றும் விசைத்தறிக்கு 750 என்றும் அளவு உயர்ந்தது. 2023 மார்ச்சில் அவை முறையே 300 ஆகவும் 1,000 ஆகவும் உயர்த்தப்பட்டன. மனுக் கொடுக்கும் நாளில் எந்த உத்தரவு நடப்பில் உள்ளது என்பதைப் பிரிவு அலுவலகத்தில் ஒரு வார்த்தை கேட்டுக்கொள்வது நன்று.

இச்சலுகையின் மதிப்பு யாது? 2022 செப்டம்பரில் வந்த கட்டண வீதத்தைக் கொண்டு பார்ப்போம். 300 யூனிட் செலவழித்த சாதாரண வீட்டிற்கு முதல் 100 போக, அடுத்த 100க்கு யூனிட் 2 ரூபாய் 25 காசு வீதம் 225 ரூபாய். அதற்கடுத்த 100க்கு 4 ரூபாய் 50 காசு வீதம் 450 ரூபாய். ஆக 675 ரூபாய். ஆண்டிற்கு ஆறு கணக்கு; 4,050 ரூபாய். வீதங்கள் பின்னர் மாறியுள்ளன என்றாலும் கணக்கின் போக்கு இதுவே. சேலை நெய்து கூலி வாங்குகிறவருக்கு இத்தொகை எத்தனை நாள் உழைப்பு என்பதை நாம் சொல்ல வேண்டியதில்லை.

இன்னொன்றையும் இங்கேயே சொல்லிவிடுவோம். அதே 2022 வீதத்தில் 500 யூனிட் செலவழித்த வீட்டிற்கு 1,725 ரூபாய். ஒரே ஒரு யூனிட் கூடி 501 ஆனால் 1,958 ரூபாய்! 500ஐத் தாண்டியவருக்கு இடையிலுள்ள மலிவான 2 ரூபாய் 25 காசுப் படி கிடையாது என்பதே காரணம். கணக்கெடுக்க வருபவர் பத்து நாள் பிந்தினால் நமக்கு வயிறு கலங்குவது வீண் அச்சமன்று.

சலுகை இருந்தும் அது சேராத வீடுகள் நம் சங்கத்திலேயே உள்ளன. அங்கத்தினர் ஒருவரின் கதையைக் கூறுகிறோம், பெயர் வேண்டா. கணவனும் மனைவியுமாக இரண்டு தறி ஓட்டுகிறவர்கள். மின் இணைப்போடு ஆதார் எண்ணைச் சேர்க்கும்படி 2022இல் உத்தரவு பிறந்தபோது அவரும் வரிசையில் நின்று சேர்த்து வந்தார். அத்துடன் தறிச் சலுகையும் தானே வந்துவிடும் என்று எண்ணிவிட்டார். வரவில்லை. ஒவ்வொரு முறையும் முழுக் கட்டணத்தைக் கட்டிக்கொண்டே, “அடுத்த கணக்கில் சரியாகும்” என்று காத்திருந்தார். ஆதார் சேர்ப்பது வேறு, தறிச் சலுகைக்கு மனுச் செய்வது வேறு என்பதை அவருக்கு எவரும் சொல்லவில்லை. நாமும் சொல்லவில்லை என்பதை வெட்கத்துடன் ஒப்புக்கொள்கிறோம்.

கடைசியில் மனுவுடன் அவர் போனபோது வேறொரு முடிச்சு தென்பட்டது. நெசவாளர் அடையாள அட்டை அவர் பெயரில். மின் இணைப்போ 2011இல் காலமான தகப்பனார் பெயரில். முதலில் பெயர் மாற்றம் செய்து வரும்படி கூறிவிட்டார்கள். இறப்புச் சான்று கையில் இருந்தது. வாரிசுச் சான்றும் இருந்தது. உடன்பிறந்த சகோதரிகள் இருவரின் சம்மதக் கையொப்பம் இல்லை. மூத்தவர் உடனே இட்டார். இளையவர் மறுத்துவிட்டார். வீட்டுப் பங்கு பற்றி அண்ணன் தங்கைக்குள் ஏழு ஆண்டுகளாகப் பேச்சு வார்த்தை இல்லை. “விளக்குக்கு என்று கையெழுத்து வாங்கி வீட்டையே எழுதிக்கொள்வான்” என்பது அந்த அம்மாளின் பயம்.

அந்தப் பயத்தை நாம் குறை கூறமாட்டோம். ஏதோ காகிதம் என்று கைநாட்டு வைத்துச் சொத்திழந்த பெண்கள் நம் ஊர்களில் எத்தனையோ பேர். ஆயினும் மின் இணைப்பின் பெயர் மாற்றம் சொத்துரிமை ஆகாது. மின்சாரச் சீட்டில் எவர் பெயர் இருப்பினும் தகப்பனார் சொத்தில் மகளுக்குள்ள பங்கு அப்படியே நிற்கும். இதனைச் சங்கத்துப் பெரியவர் ஒருவர் அந்த அம்மாளின் வீட்டிற்கே சென்று விளக்கினார். இரண்டாம் முறை சென்றபோது, “மின் இணைப்பின் பெயர் மாற்றத்திற்கு மட்டும், வீட்டில் என் பங்கை விட்டுக்கொடுக்கவில்லை” என்று தம் கையாலேயே எழுதி அதன் கீழ்க் கையொப்பமிட்டார். மிகச் சரியான காரியம். இத்தகைய நிலையிலுள்ள சகோதரிகள் யாவரும் அவ்வாறே எழுதலாம்.

பெயர் மாறிற்று, சலுகையும் வந்தது. கட்டிய பழைய பணம் திரும்பவில்லை.

ஆகவே அங்கத்தினர்கள் முதலில் தம் வீட்டு மின் அட்டையை எடுத்து, இணைப்பு எவர் பெயரில் உள்ளது என்று பார்க்க வேண்டும். பெயரில் ஓரெழுத்து வேறுபட்டாலும் முன்னதாகவே திருத்திக்கொள்க. மனுவை நேரில் கொடுப்போர் நகலில் தேதியும் முத்திரையும் பெறாமல் திரும்பலாகாது. “வைத்துவிட்டுப் போங்கள்” என்ற சொல்லை நம்பி வந்த மனுக்கள் பல, எந்த மேசையில் உறங்குகின்றன என்று கண்டுபிடிக்க இயலாமற் போயின. பதில் வராவிட்டால் மின்னகம் என்ற தொலைபேசிச் சேவை 2021இல் ஏற்பட்டிருக்கிறது. அதிலும் தீராதவை மின்பகிர்மான வட்டந்தோறும் உள்ள நுகர்வோர் குறைதீர்க்கும் மன்றத்திற்குப் போகலாம். அதற்கும் மேல் மின்குறைதீர்ப்பாளர் இருக்கிறார். 2003ஆம் ஆண்டு மின்சாரச் சட்டம் தந்த உரிமை இது. யாரிடமும் கெஞ்சிப் பெறுவதன்று.

விவசாய அங்கத்தினர்களுக்கு ஓர் எச்சரிக்கை. பம்புசெட்டுக்கு 1984இல் சிறு விவசாயிகளுக்கும், 1990இல் எல்லா விவசாயிகளுக்கும் கட்டணமில்லா மின்சாரம் கிடைத்தது. அந்தக் கம்பியிலிருந்து வீட்டுக்கு இழுப்பது குற்றம். அச்சட்டத்தின் 126ஆம் பிரிவுப்படி இருமடங்கு வீதத்தில் கணக்கிட்டு வசூலிப்பார்கள். வீட்டிற்கு வீட்டு இணைப்பே வேண்டும்.

கூரைமேல் சூரிய ஒளித் தகடு அமைக்க மத்திய அரசாங்கம் 2024 பிப்ரவரியில் தொடங்கிய திட்டத்தில் ஒரு கிலோவாட்டுக்கு 30,000 ரூபாயும், மூன்று கிலோவாட்டுக்கு 78,000 ரூபாயும் மானியம் உண்டு. பலர் கேட்கிறார்கள். 300 யூனிட் சலுகைக்குள் அடங்கும் தறி வீட்டிற்கு இதில் அவசரம் இல்லை. அதிகம் செலவாகும் வீட்டினர் யோசிக்கலாம். ஓட்டுக் கூரை தாங்குமா என்பதையும் பார்க்க வேண்டும்.

மனு எழுதத் தெரியாதவர்கள் கூலி வாங்க வரும் நாளிலேயே மின் அட்டை, நெசவாளர் அட்டை, ஆதார் ஆகியவற்றின் நகல்களுடன் சங்க அலுவலகத்திற்கு வரலாம். அங்கத்தினர் தறி ஓட்டுகிறார் என்பதற்குப் பாவும் நூலும் பெற்றுத் துணி ஒப்படைத்த நம் பேரேட்டுப் பதிவைக் காட்டிக் கடிதம் தருகிறோம். தறியை நிறுத்திவிட்டவர்கள் அக்கடிதம் கேட்டு வர வேண்டா. அதை எழுத நம் கணக்கர் இசையமாட்டார்.