கோழிவலையில் விழுந்த அலைகள்

1975 ஆகஸ்டு. ராஜஸ்தான், பீகார், ஒடிசா, மத்தியப் பிரதேசம், ஆந்திரம், கர்நாடகம் ஆகிய மாநிலங்களில் சுமார் 2,400 கிராமங்கள். மாலையானதும் ஊரே திரண்டு ஒரு பெட்டியின் முன் உட்கார்ந்தது. பெரும்பாலோர் அதுவரை டிவியைக் கண்டதே இல்லை. படம் வந்ததோ 36,000 கி.மீ. உயரத்தில் நின்ற ஏ.டி.எஸ்-6 என்ற அமெரிக்கச் செயற்கைக்கோளிலிருந்து. அதைப் பிடித்துக் கொடுத்தது, கோழி அடைக்கும் கம்பிவலையால் செய்த 10 அடி டிஷ்.

வலை முழுக்க ஓட்டை. அலை அதன் வழியே ஒழுகிப் போய்விடாதா? போகாது. அந்த ஒளிபரப்பின் அலைநீளம் ஏறத்தாழ 35 செ.மீ. வலைக் கண்ணோ அதில் மிகச் சிறு பங்கு. தன் நீளத்துக்கு முன் இவ்வளவு சிறிதான துளைகளை அலை பொருட்படுத்துவதில்லை. அதற்கு வலையும் உலோகத் தகடும் ஒன்றுதான். மோதித் திரும்பிக் குவியத்தில் வந்து சேர்ந்துவிடும். மைக்ரோவேவ் அடுப்பின் கதவில் துளையிட்ட தகடு இருந்தும் உள்ளிருக்கும் அலை வெளியே வராததற்கும் இதுவே காரணம். தகட்டைவிட வலை மலிவு, எடையும் குறைவு. காற்றும் அதைத் தள்ளாமல் ஊடே போய்விடும். எளிய பொருளில் இவ்வளவு இயற்பியல் இருப்பதை எண்ணும்போதெல்லாம் எனக்கு மலைப்பாக இருக்கிறது.

ஓராண்டு நடந்த, 'சைட்' (SITE) எனப்பட்ட இந்தச் செயற்கைக்கோள் டிவி சோதனையில் முன்னின்றது அகமதாபாத்தின் விண்வெளிப் பயன்பாட்டு மையம். அதன் முதல் இயக்குநர் யஷ் பால். இன்றைய பாகிஸ்தானிலுள்ள ஜங்கில் 1926இல் பிறந்தவர். பம்பாய் டாட்டா ஆராய்ச்சி நிறுவனத்தில் காஸ்மிக் கதிர்களை ஆராய்ந்தவர். ஊர்களுக்கு டிவியைக் கொண்டுபோன அந்த மனிதரே பின்னாளில் தூர்தர்ஷனில் தோன்றினார். 'டர்னிங் பாயின்ட்' நிகழ்ச்சியில் நேயர்களின் கேள்விகளுக்கு, கரும்பலகை மொழி இல்லாமல், வீட்டுப் பெரியவர் பேசுவதுபோல் பதில் சொன்னார்.

1995 அக்டோபர் 24, தீபாவளியை ஒட்டிய அமாவாசை. வட இந்தியாவில் முழு சூரிய கிரகணம். பயந்து கதவைச் சாத்திக்கொண்ட வீடுகளும் பல. நேரடி ஒளிபரப்பில் யஷ் பால் அதை விளக்கிக்கொண்டிருந்தார். சூரியன் நிலாவைவிட ஏறத்தாழ 400 மடங்கு அகலம். ஏறத்தாழ 400 மடங்கு தொலைவு. அதனால்தான் சின்ன நிலா பெரிய சூரியனைச் சரியாக மூடுகிறது. இப்படி அமைய வேண்டுமென்று எந்த விதியும் இல்லை, தற்செயல்தான். நிலா ஆண்டுக்கு 3.8 செ.மீ. விலகிக்கொண்டே இருப்பதால், கோடிக்கணக்கான ஆண்டுகளுக்குப் பின் முழு கிரகணமே இருக்காது. இதைக் கேட்ட குழந்தை கிரகணத்துக்கு அஞ்சாது. ஓடிப்போய் கிரகணக் கண்ணாடி தேடும்.

புரியும்படி விளக்கும் அவருடைய இந்தப் பொறுமை தற்செயலன்று. அந்தக் கிரகணத்துக்கு இரண்டாண்டு முன், பள்ளிச் சுமை பற்றி ஆராய்ந்த அரசுக் குழுவுக்கு அவர்தான் தலைவர். புத்தகப் பையின் எடையைவிடப் பெரிய சுமை, படிப்பது புரியாமலிருப்பதே என்று அக்குழுவின் அறிக்கை சொன்னது.