வழக்கில் ஜெயித்தால் சீட் கிடைக்குமா?

இந்திய அரசமைப்புச் சட்டத்தின் முதல் திருத்தத்துக்கான காரணங்களில் ஒன்றான மனுவை என் ஜூனியர் இன்று எழுதிக்கொண்டு வந்தால், ஃபைலை அவர் கையிலேயே திருப்பிக் கொடுத்துவிடுவேன். 1950 ஜூனில் சென்னை உயர் நீதிமன்றத்துக்கு வந்த செண்பகம் துரைராஜன், மருத்துவக் கல்லூரிக்கு விண்ணப்பம் போட்டதாகவே தெரியவில்லை. விசாரித்துப் பார்த்ததில், பிராமணர் என்பதால் இடம் கிடைக்காது என்று தெரியவந்தது. இவ்வளவுதான் அவருடைய பிரமாணப் பத்திரம். வழக்கு மேலே போனபோது உச்ச நீதிமன்றத்தின் கண்ணிலும் இது பட்டது. ஆனால் மனு ஜெயித்தால் அவருக்கு ஓர் இடம் ஒதுக்குவதாக அரசு ஒப்புக்கொண்டிருந்ததால், இதை மேற்கொண்டு கிளற வேண்டாம் என்று விட்டுவிட்டார்கள்.

அப்போதைய வகுப்புவாரி அரசாணைக் கணக்கு இது: 14 இடங்களில் பிராமணரல்லாத இந்துக்களுக்கு 6, பிற்படுத்தப்பட்ட இந்துக்களுக்கு 2, பிராமணர்களுக்கு 2, ஹரிஜனங்களுக்கு 2, ஆங்கிலோ இந்தியர்களுக்கும் இந்தியக் கிறிஸ்தவர்களுக்கும் சேர்த்து 1, முஸ்லிம்களுக்கு 1. 1951 ஏப்ரல் 9-ல் உச்ச நீதிமன்றத்தின் ஏழு நீதிபதிகள் அமர்வு இந்த ஆணை செல்லாது என்றது. ஜூன் 18-ல் அரசமைப்பையே திருத்தி, பின்தங்கிய வகுப்பினருக்குச் சிறப்பு ஏற்பாடு செய்ய அனுமதிக்கும் 15(4)-ஐச் சேர்த்துவிட்டார்கள். இன்றைய இடஒதுக்கீட்டின் வேர்களில் ஒன்று அந்த உட்பிரிவு. பள்ளிப் புத்தகத்தில் வருவது இந்தக் கதைதான். அட்மிஷன் வழக்கு நடத்துகிற எனக்கோ, அரசு ஒதுக்கித் தருவதாகச் சொன்ன அந்த ஒரு சீட்டின் மேல்தான் பொறாமை.

கீழ்ப்பாக்கத்தில் செலக்‌ஷன் கமிட்டி ரேங்க் லிஸ்ட் வெளியிட்ட அன்றே எங்கள் அலுவலகத்துக்குப் பெற்றோர் வரத் தொடங்குவார்கள். ஒருவருக்குப் பூர்வீகச் சான்றிதழ் பிரச்சினை; ஆறாவது முதல் பன்னிரண்டாவது வரை இங்கேயே படித்த பிள்ளைக்கு அது தேவையில்லை, நடுவில் பெங்களூருக்கோ துபாய்க்கோ போய் வந்திருந்தால் தேவை. இன்னொருவருடைய பெண் எட்டாவது வரை அரசு உதவிபெறும் பள்ளி, பிறகு அரசுப் பள்ளி; ஆறாவது முதலே அரசுப் பள்ளியில் படித்தவர்களுக்கான 7.5 சதவீத ஒதுக்கீட்டில் வரமாட்டாள். “விதியே தப்பு மேடம், ஜெயிச்சிடலாம்ல?” என்பார்கள். “ப்ராஸ்பெக்டஸ் எப்ப வந்துச்சு, நீங்க எப்ப வர்றீங்க?” என்று நான் கேட்பேன்.

காரணம் இருக்கிறது. விதி பிடிக்கவில்லை என்றால் விண்ணப்பிக்கும்போதே வர வேண்டும். அதே விதிப்படி கவுன்சலிங்கில் உட்கார்ந்துவிட்டு, கேட்ட கல்லூரி கிடைக்காமல் போன பிறகு விதியைக் குறை சொன்னால் நீதிமன்றம் பெரும்பாலும் ஏற்காது. சீக்கிரம் வந்தாலும், ஒரு சட்டத்தின் மீதான வழக்கு கவுன்சலிங்குக்குள் முடிவதில்லை. 7.5 சதவீதச் சட்டத்துக்கு ஆளுநர் 2020 அக்டோபர் 30-ல் ஒப்புதல் தந்தார். சட்டம் செல்லும் என்று உயர் நீதிமன்றம் சொன்னது 2022 ஏப்ரல் 7-ல். அதற்குள் இரண்டு ஆண்டு மாணவர்கள் கல்லூரியில் சேர்ந்துவிட்டார்கள். (அந்தத் தீர்ப்பு சரி என்பதே என் கருத்து. எதிர்த்து வாதாடியவர்களில் என் நண்பர்களும் உண்டு.)

2018-ல் நடந்தது இன்னும் கொடுமை. நீட் தமிழ் வினாத்தாளில் 49 கேள்விகளின் மொழிபெயர்ப்பில் பிழை என்று மார்க்சிஸ்ட் கட்சியின் டி.கே. ரங்கராஜன் பொதுநல வழக்குப் போட்டார். கேள்விக்கு 4 வீதம் 196 மதிப்பெண் கொடுத்துப் புதுப் பட்டியல் போடச் சொல்லி உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை ஜூலை 10-ல் உத்தரவிட்டது. கவுன்சலிங் அப்போதே ஆரம்பமாகிவிட்டது. பத்தே நாளில் உச்ச நீதிமன்றம் தடை விதித்தது; நவம்பரில் உத்தரவையே ரத்து செய்தது. எல்லோருக்கும் 196 என்பது மிகையான பரிகாரம் என்பதை நானும் ஒப்புக்கொள்வேன். ஆனால் தமிழில் எழுதிய மாணவர்களுக்கு அதற்குப் பதிலாக என்ன கிடைத்தது? ஒன்றுமில்லை.

“ஒரு சீட்டையாவது காலியா வைக்கச் சொல்லுங்களேன்” என்பது அடுத்த வேண்டுகோள். கேட்போம், நீதிபதிகள் தயங்குவார்கள். ஒரு கல்லூரியில் ஓர் இடத்தை நிறுத்தினால் அதற்குக் கீழே உள்ள ரேங்க்குகளின் வரிசை முழுவதும் அசையும். வழக்குத் தோற்றால், நாலரை வருஷப் படிப்பு முடியும்வரை அந்த இடத்தில் யாரும் இருக்க மாட்டார்கள்.

தவறே செய்யாத பிள்ளை என்ன செய்வது? 2019 டிசம்பர் 13-ல், ஆந்திர மாணவி ஒருவரின் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதற்கு ஒரு வழி சொன்னது. தாமதமின்றி வழக்குத் தொடுத்திருக்க வேண்டும்; மாணவர் பக்கம் தவறு இருக்கக் கூடாது; விதியை மீறியது அதிகாரிகளாக இருக்க வேண்டும். இவ்வளவும் பொருந்தினால், மிக அரிதாக, அப்போது கடைசித் தேதியாக இருந்த செப்டம்பர் 30 தாண்டி ஒரு மாதத்துக்குள் ஓரிரு இடங்களைக் கூட்டியாவது சேர்க்கலாம். முடியாவிட்டால் அடுத்த ஆண்டு இடம். கூடவே நஷ்டஈடும் கேட்கலாம். அதற்கு முன்பு 2014-ல் வந்த ஒரு தீர்ப்பு நஷ்டஈட்டோடு நிறுத்திக்கொண்டது. காசு வாங்கிக்கொண்டு வீட்டுக்குப் போ என்பதுதானே அது!

இடங்களைக் கூட்டுவது தமிழ்நாட்டுக்குப் புதிதல்ல. இடஒதுக்கீட்டுக்கான 50 சதவீத வரம்புப்படி சேர்க்கை நடந்திருந்தால் இடம் கிடைத்திருக்கும், 69 சதவீத ஒதுக்கீட்டால் போனது என்று காட்ட முடிந்தவர்களுக்குக் கூடுதல் இடம் உருவாக்கச் சொல்லி, 1994 முதல் உச்ச நீதிமன்றம் இடைக்கால உத்தரவுகள் போட்டது. ஒதுக்கீடும் நீடித்தது, வழக்குப் போட்டவர்களுக்கும் சீட் கிடைத்தது. இன்று இடங்களின் எண்ணிக்கையில் கை வைக்க நீதிமன்றங்கள் அவ்வளவு எளிதில் முன்வருவதில்லை. 2020-ல் தெலங்கானா டாக்டர் ஒருவருக்கு எம்.எஸ். இடம் தவறாக மறுக்கப்பட்டபோது, கூடுதல் இடம் உருவாக்கச் சொன்ன உயர் நீதிமன்ற உத்தரவை உச்ச நீதிமன்றம் விலக்கியது. கல்லூரி 10 லட்சம் நஷ்டஈடு தரவும், அடுத்த ஆண்டு நிர்வாக ஒதுக்கீட்டில் சேர்த்துக்கொள்ளவும் சொன்னது.

அதனால் வருகிறவர்களிடம் முதலில் சொல்லிவிடுவேன்: எந்தக் கல்லூரி கிடைத்தாலும் முதலில் சேருங்கள், பல் மருத்துவம் என்றாலும் சேருங்கள். சேரும் அன்றே ஆட்சேபணையை எழுதிக் கொடுத்து, நகலில் தேதியோடு முத்திரை வாங்குங்கள். மனுவைப் பிறகு எழுதிக்கொள்ளலாம். அந்த முத்திரை இல்லாவிட்டால், “ஏன் இவ்வளவு தாமதம்?” என்று நீதிபதி கேட்கும்போது எடுத்து நீட்ட என் கையில் எதுவும் இருக்காது.